தவணைக்குள் மறைந்திருக்கும் வீட்டின் விலை

 

சென்ற ஆண்டு ஒரு நாள் அஸர் தொழுகைக்குப் பிறகு, வடசேரியில் எங்கள் வீட்டுக்கு ஒரு சகோதரி தம் மகனை அழைத்துக்கொண்டு வந்தார். அவருடைய கணவர் வளைகுடா நாட்டில் உழைத்துக் களைத்து ஊர் திரும்பியவர். வஃபாத்தாகி ஏழெட்டு மாதங்கள் ஆகியிருந்தன. சொத்தை ஷரீஅத் முறைப்படி பங்கு வைக்கக் கணக்குப் போட்டுத் தரவேண்டும் என்று கேட்டார். பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியாராக இருந்தவன் என்பதால் இப்படிப்பட்ட வேலைகளுக்கு என்னைத் தேடி வருவது வழக்கம். பங்கைச் சொல்வது ஆலிம்களின் வேலை; கூட்டிக் கழிப்பது மட்டும் என் வேலை.

சொத்து என்று பார்த்தால் மூன்று சென்ட் நிலமும் அதில் கட்டிய கான்கிரீட் வீடும்தான். வீட்டின் மேல் வங்கிக் கடன் இருந்தது. "எவ்வளவு பாக்கி?" என்று கேட்டேன்.

"வாங்கினது இருபது லட்சம் காக்கா. பத்து வருஷமா ஒரு மாசம் முடங்காம அடைச்சாச்சு. இருபது வருஷக் கடன். அப்போ பாதி தீர்ந்திருக்கும்லா?" என்றார்.

மகன் கையிலிருந்த வங்கிச் சீட்டை வாங்கிப் பார்த்தேன். பாக்கி ஏறக்குறைய 14 லட்சம் என்றிருந்தது. அந்தச் சகோதரி நம்பவில்லை. வங்கியில் தவறு செய்திருக்கிறார்கள் என்றார். தவறு எதுவுமில்லை. கணக்கு சரியாகவே இருந்தது. ஆனால் அந்தக் கணக்கைப் பத்தாண்டுகளில் ஒருவரும் அவருக்குச் சொல்லியிருக்கவில்லை. கணவரோடு சேர்ந்து அவரும் கையெழுத்திட்டிருந்தார். எதில் கையெழுத்திட்டோம் என்பதை அன்றுதான் அறிந்தார்.

அந்த ஒரு மாலைப் பொழுதே இந்தப் பாடத்தை எழுதத் தூண்டியது. நம் மாவட்டத்தில் வீட்டுக் கடன் நுழையாத தெருவே இல்லை என்று சொல்லும்படி ஆகிவிட்டது. அதன் முழு விலையை ஒவ்வொரு குடும்பமும் தெரிந்துகொள்ள வேண்டும்.

கடனும் ஈடும் மார்க்கத்தில்

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக் கொள்வோம். கடன் வாங்குவதும் அதற்காகப் பொருளை ஈடாக வைப்பதும் மார்க்கத்தில் தடுக்கப்பட்டவையல்ல. அண்ணல் நபி (ஸல்) அவர்கள் வஃபாத்தானபோது அவர்களுடைய கவசம், முப்பது 'ஸாவு' வாற்கோதுமைக்காக ஒரு யூதரிடம் ஈடாக இருந்தது என்பது ஸஹீஹுல் புகாரியில் பதிவான செய்தி. திருமறையின் அல்பகறா அத்தியாயத்தில் 283-வது வசனம் ஈட்டைப் பற்றிப் பேசுகிறது. அதற்கு முந்திய 282-வது வசனம், திருமறையிலேயே மிக நீண்ட வசனம். அது தொழுகையைப் பற்றியோ நோன்பைப் பற்றியோ பேசவில்லை. தவணைக் கடனை எழுதிவைப்பது பற்றியும் சாட்சி வைப்பது பற்றியும் பேசுகிறது. கடனை அறியாமல் வாங்காதே, மறைத்து எழுதாதே, வாங்குபவனே வாசகத்தைச் சொல்லட்டும் என்ற கருத்தில் எவ்வளவு நுட்பம் இருக்கிறது, எண்ணிப் பாருங்கள்!

தடுக்கப்பட்டது வட்டி. அதே அத்தியாயத்தின் 275 முதல் 279 வரையிலான வசனங்கள் அதைக் கடுமையாக விலக்குகின்றன. வாங்குபவர் மட்டுமின்றி, கொடுப்பவரும் எழுதுபவரும் சாட்சி நிற்பவர்களும் குற்றத்தில் சமம் என்று நபிமொழி எச்சரிக்கிறது. ஆகவே ஒரு முஸ்லிம் வட்டிக் கடன் பத்திரத்தில் பேனாவை வைக்குமுன் கை நடுங்கத்தான் வேண்டும்.

குடியிருக்க வேறு வழியே இல்லாத நிர்ப்பந்தத்தில் என்ன செய்வது என்ற கேள்வியில் ஆலிம்களிடையே பேச்சு உண்டு. ஐரோப்பாவில் வாழும் முஸ்லிம்களுக்காக அங்குள்ள ஃபத்வா அவை 1999-ல் கடும் நிபந்தனைகளோடு ஓர் அனுமதியை வெளியிட்டது. வேறு பல ஆலிம்கள் அதை ஏற்கவில்லை. அந்த விவாதத்துக்குள் நான் போகவில்லை. உங்கள் நிலையை உங்கள் ஊர் ஆலிமிடம் சொல்லிக் கேளுங்கள். ஆனால் நிர்ப்பந்தம் என்பது அதன் அளவுக்கு மட்டுமே என்பது ஃபிக்ஹின் பொது விதி. அளவு தெரியாதவன் அளவோடு நிற்பது எப்படி? ஆகவே அனுமதி உண்டு என்பவருக்கும் இல்லை என்பவருக்கும் இந்தக் கணக்கு ஒன்றுபோல் அவசியமானது.

பென்சிலை எடுத்துக்கொள்ளுங்கள்

வங்கியின் மாதத் தவணையை இ.எம்.ஐ. என்கிறோம். அது மாதாமாதம் ஒரே தொகை. ஆனால் அதன் வயிற்றுக்குள் இரண்டு பங்குகள் இருக்கின்றன: ஒன்று அந்த மாத வட்டி, மற்றது முதலில் கழிவது. இரண்டையும் பிரிக்கும் சூத்திரம் எட்டாம் வகுப்புப் பிள்ளைக்கும் எளிது. பாக்கித் தொகையை ஆண்டு வட்டி விகிதத்தால் பெருக்கி, 1200-ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி வந்துவிடும். தவணையில் அதைக் கழித்தால் மிஞ்சுவதே முதலில் குறைவது.

20 லட்சம் ரூபாய், 8.5 சதவீதம், 20 ஆண்டுகள் என்று வைத்துக்கொள்வோம். வட்டி விகிதம் மாறவில்லை என்றும் கொள்வோம். மாதத் தவணை 17,356 ரூபாய். முதல் மாத வட்டி எவ்வளவு? 20,00,000 பெருக்கல் 8.5, வகுத்தல் 1200. விடை 14,167 ரூபாய். ஆக, 17,356 கட்டியதில் முதலில் கழிந்தது வெறும் 3,189 ரூபாய்.

முதல் ஆண்டு முழுவதும் கட்டியது 2,08,278 ரூபாய். அதில் கடன் குறைந்தது 39,804 ரூபாய் மட்டுமே. மற்ற 1,68,474 ரூபாயும் வட்டி.

ஐந்து ஆண்டுகளில் கட்டியது 10 லட்சத்து 41 ஆயிரம்; கடன் குறைந்தது 2 லட்சத்து 37 ஆயிரம். பத்து ஆண்டுகளில் கட்டியது 20 லட்சத்து 83 ஆயிரம், அதாவது வாங்கிய முழுத் தொகைக்கும் மேலே! ஆனாலும் பாக்கி 14 லட்சம். அந்தச் சகோதரியின் சீட்டில் இருந்தது இதையொட்டிய தொகைதான். கடன் பாதியாகக் குறைந்து 10 லட்சத்தைத் தொடுவது 166-வது மாதத்தில், அதாவது 13 ஆண்டு 10 மாதம் ஆன பிறகு.

இருபது ஆண்டு முடிவில் கட்டியிருப்பது 41 லட்சத்து 65 ஆயிரம். வாங்கியது 20 லட்சம். வட்டி 21 லட்சத்து 65 ஆயிரம். ஒரு வீடு கட்டினோம். இரண்டு வீட்டுக்கு விலை கொடுத்தோம்.

ஏன் இப்படி ஆகிறது? இதில் மாயம் எதுவுமில்லை. வட்டி எப்போதும் பாக்கியின் மேல் ஏறுகிறது. ஆரம்பத்தில் பாக்கி மலைபோல் இருப்பதால் தவணையின் பெரும்பகுதியை வட்டி தின்றுவிடுகிறது; முதலுக்குப் போய்ச் சேர்வது சில்லறைதான். கடைசி ஆண்டுகளில் இது தலைகீழாகும். ஆகவே 'பாதி வருஷம் போனால் பாதிக் கடன் போகும்' என்பது பொய்க் கணக்கு.

சிறிய தவணை பெரிய கடன்

கடன் வாங்கப் போகிறவர் கேட்கும் முதல் கேள்வி, "மாசம் எவ்வளவு கட்டணும்?" என்பதுதான். கொடுப்பவரும் அதற்கே பதில் சொல்கிறார். தவணையைச் சிறியதாக்க ஒரே வழி ஆண்டுகளை நீட்டுவது. அதே 20 லட்சத்தை அதே 8.5 சதவீதத்தில் நான்கு விதமாகப் பார்ப்போம்:

10 ஆண்டு: தவணை 24,797 ரூபாய். மொத்த வட்டி 9 லட்சத்து 76 ஆயிரம்.
15 ஆண்டு: தவணை 19,695 ரூபாய். மொத்த வட்டி 15 லட்சத்து 45 ஆயிரம்.
20 ஆண்டு: தவணை 17,356 ரூபாய். மொத்த வட்டி 21 லட்சத்து 65 ஆயிரம்.
30 ஆண்டு: தவணை 15,378 ரூபாய். மொத்த வட்டி 35 லட்சத்து 36 ஆயிரம்.

இருபதை முப்பதாக்கினால் மாதம் குறைவது 1,978 ரூபாய். அந்தச் சலுகைக்காகக் கூடுதலாகப் போவது 13 லட்சத்து 71 ஆயிரம். இருபதைப் பதினைந்தாக்க மாதம் 2,339 ரூபாய் கூட வேண்டும். அதனால் மிஞ்சுவது 6 லட்சத்து 20 ஆயிரம். ஆகவே "மாசம் எவ்வளவு?" என்று கேட்பதோடு நிற்காதீர்கள். "கடைசி வரை மொத்தம் எவ்வளவு?" என்றும் கேளுங்கள். 2024 அக்டோபர் முதல் தேதியிலிருந்து புதிய சில்லறைக் கடன்களுக்கு, எல்லாச் செலவும் சேர்ந்த ஆண்டு வீதத்தையும் தவணை அட்டவணையையும் காட்டும் முக்கிய விவரத் தாளைக் கடன் வாங்குபவரிடம் தரவேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. அதைக் கேட்டு வாங்கி, வீட்டுக்குக் கொண்டுவந்து, வீட்டுப் பெண்களோடு உட்கார்ந்து படியுங்கள்.

இன்னொரு எச்சரிக்கை. தனியார் சிலர் "பன்னிரண்டு சதவீதம்தான்" என்று சொல்லி, முழுத் தொகைக்கும் முழுக் காலத்துக்கும் வட்டியைக் கூட்டி, பிறகு மாதங்களால் வகுப்பார்கள். ஒரு லட்சத்துக்கு ஐந்தாண்டு வட்டி 60,000, மொத்தம் 1,60,000, மாதம் 2,667. கேட்க நேர்மையாகத் தோன்றும். ஆனால் மாதாமாதம் நீங்கள் முதலையும் திருப்பிக் கொடுத்துக்கொண்டே வருகிறீர்கள். முழு லட்சமும் ஐந்தாண்டு உங்கள் கையில் இருக்கவில்லை. குறையும் பாக்கியின் மேல் கணக்கிட்டால் அது 20 சதவீதத்தைத் தாண்டுகிறது. 'நூற்றுக்கு மாதம் இரண்டு ரூபாய்' என்று கேட்கும் கைமாற்றுக் கடனோ ஆண்டுக்கு 24 சதவீதம்.

மிதக்கும் வட்டி

வீட்டுக் கடன் பெரும்பாலும் மிதக்கும் வட்டி வீதத்தில் கிடைக்கிறது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த புதிய மிதக்கும் வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற ஒரு வெளி விகிதத்தோடு கட்டப்பட்டவை. அந்த விகிதம் ஏறினால் நம் கடனும் ஏறும், இறங்கினால் இறங்கும். 2022 மே மாதத் தொடக்கத்தில் ரெப்போ 4 சதவீதமாக இருந்தது. 2023 பிப்ரவரியில் அது 6.5 சதவீதமாயிற்று. பிறகு 2025 பிப்ரவரியில்தான் இறங்கத் தொடங்கியது.

பத்தே மாதத்தில் ஏறிய அந்த இரண்டரை சதவீதம் ஒரு குடும்பத்தை என்ன செய்யும்? 7 சதவீதத்தில் 20 லட்சம், 20 ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை 15,506 ரூபாய். ஓராண்டு கட்டியபின் பாக்கி 19 லட்சத்து 52 ஆயிரம். அப்போது விகிதம் 9.5 ஆகிவிட்டதாக வைத்துக்கொள்வோம். நம் சூத்திரத்தைப் போடுங்கள். அந்த மாத வட்டி மட்டும் 15,457 ரூபாய்! முதலில் கழிவது 49 ரூபாய். தவணையை உயர்த்தாமல் அப்படியே கட்டினால் கடன் தீர இன்னும் அறுபது ஆண்டுகளுக்கு மேலாகும். பேரப் பிள்ளைகள் கட்டவேண்டியதுதான். மீதி 19 ஆண்டுக்குள் முடிக்கவேண்டுமானால் தவணை 18,525 ஆக ஏறவேண்டும். மாதம் மூவாயிரம் கூடுதல்.

விகிதம் ஏறியபோது பலருக்குத் தவணை மாறவேயில்லை. "நமக்கு ஏறவில்லை, அல்ஹம்துலில்லாஹ்" என்று இருந்துவிட்டார்கள். ஏறியது ஆண்டுகளில்! இதனால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு கட்டளை பிறப்பித்தது. விகிதம் மாறும்போது தவணைக்கும் காலத்துக்கும் என்ன ஆகிறது என்று கடன்காரருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, ஒரு பகுதியை முன்னதாக அடைப்பதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பை அவருக்குத் தரவேண்டும் என்பது அதன் சாரம். வங்கியிலிருந்து வரும் தாளையோ செய்தியையோ படிக்காமல் ஒதுக்காதீர்கள். 'எத்தனை மாதம் பாக்கி?' என்று ஆண்டுக்கு ஒருமுறையாவது கேளுங்கள்.

தவணைக்கு வெளியே நிற்கும் செலவுகளையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். விண்ணப்பச் செலவு, வக்கீல் கருத்துக்கும் மதிப்பீட்டாளருக்கும் கட்டணம், பத்திரங்களை ஒப்படைத்ததைப் பதிவு செய்ய முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் ஆகியவை கைக்காசு. காப்பீட்டுத் தொகையைக் கடனோடு சேர்த்துவிட்டால் அதற்கும் இருபது ஆண்டு வட்டி ஓடும். வீடு கட்டி முடியுமுன் தவணை தவணையாகப் பணம் வாங்கும் காலத்தில் வட்டி மட்டும் கட்டுவதும் உண்டு. அதில் முதல் ஒரு காசும் குறையாது.

"ஒத்திக்கு வட்டி இல்லையே?"

நாஞ்சில் நாட்டில் பேங்கை விடப் பழையது ஒத்தி. வயலை ஒத்தி வைப்பதும் வீட்டை ஒத்திக்குக் கொடுப்பதும் நம் பாட்டன்மார் காலத்து வழக்கம். "நாங்கள் பாங்குக்குப் போகவில்லை, ஒத்திக்குத்தான் கொடுத்தோம், வட்டி இல்லாத விஷயம்" என்று மனச்சாந்தியோடு சொல்பவர்கள் நம் ஜமாஅத்துகளில் நிறைய.

சற்றுக் கவனியுங்கள். ஒருவர் ஐந்து லட்சம் ரூபாய் வாங்கிக்கொண்டு தம் வீட்டை மூன்று ஆண்டு ஒத்திக்கு விடுகிறார். பணம் கொடுத்தவர் வாடகையின்றிக் குடியிருக்கிறார். மூன்று ஆண்டு கழித்து ஐந்து லட்சத்தையும் முழுதாகத் திரும்ப வாங்கிக்கொண்டு போகிறார். அந்த வீட்டுக்கு மாதம் 8,000 ரூபாய் வாடகை கிடைக்கும் என்றால், வீட்டுக்காரர் இழந்தது ஆண்டுக்கு 96,000. மூன்று ஆண்டில் 2,88,000. ஐந்து லட்சத்துக்கு ஆண்டுக்கு 96,000 என்பது 19.2 சதவீதம்! வங்கி வட்டியைப் போல் இரண்டு மடங்குக்கு மேல். பணமாகக் கைமாறாததால் கண்ணுக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான்.

கடன் கொடுத்ததற்கு நிபந்தனையாகப் பெறும் ஆதாயம் வட்டியே என்பது மத்ஹபுகளின் ஆலிம்கள் ஒன்றுபட்டுச் சொல்லும் விஷயம். ஈடாக வந்த வீட்டில் கடன் கொடுத்ததற்காகவே இலவசமாகக் குடியிருப்பதும் அதில் சேரும். நியாயமான வாடகையைப் பேசி, மாதாமாதம் கடனில் கழித்துக்கொண்டு வந்தால் ஈடு ஈடாக நிற்கும், ஆதாயம் வட்டியாகாது. இப்படித் திருத்திக் கொள்வது கடினமல்ல. ஒத்திக்குக் கொடுத்திருப்பவரும் வாங்கியிருப்பவரும் இன்றே ஆலிமைக் கேட்டுத் திருத்திக்கொள்ளுங்கள்.

சட்டத்திலும் ஒரு வார்த்தை. 1882-ம் ஆண்டு சொத்து மாற்றுச் சட்டத்தின்படி, பத்திரங்களை ஒப்படைக்கும் வகை தவிர, நூறு ரூபாய்க்குக் குறையாத ஈடுகள் இரு சாட்சிகளோடு எழுதிப் பதிவு செய்யப்படவேண்டும். வெள்ளைத் தாளில் எழுதிய ஒத்தி, தகராறு வந்தால் இரு தரப்பையும் கைவிட்டுவிடும். எழுதிவைக்கச் சொன்ன திருமறையின் கட்டளையும் இதைத்தானே கேட்கிறது!

"வீட்டு விலை ஏறுமே?"

நியாயமான ஆட்சேபங்களைத் தள்ளிவிட முடியாது. வாடகை மிச்சமாகிறது என்பது உண்மை. இருபதாவது ஆண்டில் 17,356 ரூபாய் இன்றைய அளவு கனக்காது என்பதும் உண்மை. வீட்டு விலை ஏறும் என்பதும் பெரும்பாலும் உண்மை. ஆனால் 20 லட்சம் 41 லட்சத்து 65 ஆயிரமாவதற்கு ஆண்டுக்கு ஏறக்குறைய 3.7 சதவீதம் ஏறவேண்டும். அதுவரை ஏறினால் கொடுத்ததுதான் வந்தது. நிலம் ஏறும், கட்டடம் தேயும். அன்றியும், ஏறிய விலை விற்பவனுக்கே பணம். குடியிருப்பவனுக்கு அது பேச்சு.

வருமான வரிச் சலுகை என்றும் சொல்வார்கள். பழைய வரிமுறையில், தாம் குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் ரூபாய் வரை கழிவு உண்டு. புதிய முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு அந்தக் கழிவு இல்லை. கழிவு என்றால் 2 லட்சம் கையில் வருவதல்ல. அந்தத் தொகைக்கான வரி மட்டும் மிஞ்சுவது. நூறு ரூபாய் வட்டி கட்டி இருபது ரூபாய் வரி மிச்சம் பிடிப்பது லாபமாகுமா?

ஏற்கனவே கடனில் இருப்பவர்களுக்கு

கடனில் இருப்பவரைப் பார்த்துக் கடிந்து பேசுவது இந்தப் பாடத்தின் நோக்கமல்ல. அல்லாஹ்விடம் பிழை பொறுக்கத் தேடுவதோடு, வெளியேறும் வழியையும் தேடவேண்டும்.

முதல் வழி, முன்னதாக அடைப்பது. தனிநபர்கள் மிதக்கும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்னதாக அடைத்தால் வங்கிகள் தண்டம் வசூலிக்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே கட்டளையிட்டுவிட்டது. எப்போது அடைக்கிறோம் என்பதில்தான் பலன் இருக்கிறது. நம் உதாரணக் கடனில் முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால், ஏறக்குறைய 26 மாதங்கள் குறையும். மூன்றரை லட்சத்துக்கு மேல் வட்டி தப்பும். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் தப்பும் வட்டி ஐம்பதாயிரத்துக்கும் குறைவு. ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டிவந்தாலும் மூன்று ஆண்டுக்கு மேல் முன்னதாகவே கடன் தீரும். சுமார் 4 லட்சம் மிஞ்சும். கூடுதல் பணம் கட்டும்போது, "தவணை குறையவேண்டாம், காலம் குறையட்டும்" என்று எழுத்தில் கொடுங்கள்.

இரண்டாவது, தவணை முடங்கும் நிலை வந்தால் ஒளியாதீர்கள். 2002-ம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி, கடன் வாராக்கடனாகிவிட்டால் வங்கி 60 நாள் அறிவிப்புக் கொடுத்து, வழக்குத் தொடுக்காமலேயே ஈட்டு வீட்டைக் கைப்பற்ற முடியும். கைப்பற்றும் நடவடிக்கை தொடங்கினால் 45 நாட்களுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் முறையிடலாம். நம் பக்கத்துக்கு அது மதுரையில் இருக்கிறது. அந்த நிலைக்கு முன்பே வங்கியில் போய்ப் பேசுவது மேல்.

மூன்றாவது, கடன் தீர்ந்தவுடன் பத்திரங்களை வாங்குங்கள். முழுதும் அடைத்த 30 நாட்களுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தரவேண்டும், தாமதம் வங்கியினால் என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தரவேண்டும் என்று 2023 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி விதித்தது. அவ்வாண்டு டிசம்பர் முதல் அது நடைமுறையில் உள்ளது. அதோடு சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்த ரசீதைப் பதிவு செய்து, வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். இல்லாவிட்டால் பிள்ளைகள் காலத்தில் தீர்ந்த கடன் மறுபடி எழுந்து நிற்கும்.

இனி வீடு கட்டப் போகிறவர்களுக்கு

நம் நாட்டில் வட்டியில்லா வங்கி வரும் என்று பலர் காத்திருந்தார்கள். 2008-ல் ரகுராம் ராஜன் குழு அதைப் பரிந்துரைத்தது. ஆனால் அந்த யோசனையை மேற்கொண்டு தொடர்வதில்லை என்று முடிவு செய்ததாக ரிசர்வ் வங்கி 2017 நவம்பரில் தெரிவித்துவிட்டது. வளைகுடாவிலும் மலேசியாவிலும் இருப்பவர்களுக்கு இஸ்லாமிய வங்கிகள் உண்டு. அங்கே வங்கி பொருளை வாங்கி, லாபம் வைத்து, தவணையில் விற்பது ஒரு முறை. விலை முதல்நாளே முடிவாகிவிடுவது அதன் சிறப்பு. என்றாலும் மொத்தத் தொகை எவ்வளவு என்ற கேள்வியை அங்கும் கேட்கத்தான் வேண்டும். பெயர் ஹலால் என்பதால் விலை குறைந்துவிடாது.

நம் கையில் இருக்கும் வழி பழைய வழிதான்: முதலில் சேர்த்தல், பிறகு கட்டுதல். மலேசியாவில் ஹஜ்ஜுக்குப் போக வயலையும் மாட்டையும் விற்றுக்கொண்டிருந்த மக்களுக்காக 1963-ல் ஒரு சேமிப்பு நிறுவனம் தொடங்கினார்கள். அதுவே பின்னாளில் தாபூங் ஹாஜியாக வளர்ந்தது. அதே 1963-ல் எகிப்தின் மீத் கம்ர் ஊரில் அஹ்மத் அந்நஜ்ஜார் என்பவர் சிறு விவசாயிகளுக்காக வட்டியில்லாச் சேமிப்பு வங்கி அமைத்தார். இரண்டிலும் எளிய மக்களின் சிறுசேமிப்பே முதலீடு. நம் மஹல்லாவிலும் பைத்துல்மால் மூலம் கர்ழ ஹஸனா கொடுக்க முடியும். வட்டிக்குப் போகும் மூன்று குடும்பங்களையாவது ஆண்டுதோறும் தடுக்க முடியாதா?

வீட்டையும் படிப்படியாகக் கட்டலாம். இன்று இரண்டு அறை, சமையல்கட்டு, மாடி பிறகு. ஊரார் பார்க்கப் பெரிய வீடு என்ற ஆசையே பாதிக் கடனுக்குக் காரணம் என்பது என் அனுபவம். வளைகுடாவிலிருந்து பையன் பணம் அனுப்பும் காலம் பத்து ஆண்டோ பதினைந்து ஆண்டோதான். கடன் இருபது ஆண்டு. உழைப்பு முடிந்த பிறகும் தவணை முடிவதில்லை.

அந்தச் சகோதரியின் கணக்கு

இனி முதலில் சொன்ன குடும்பத்துக்கு வருவோம். மைய்யித்தின் அடக்கச் செலவு, பிறகு கடன், பிறகு மூன்றில் ஒரு பங்குக்கு மேற்படாத வஸிய்யத், அதற்குப் பிறகே பங்கு என்பது வரிசை. வீட்டின் மதிப்பு 36 லட்சம். வங்கிப் பாக்கி 14 லட்சம். மஹர் முன்பே கொடுக்கப்பட்டுவிட்டது; வஸிய்யத் இல்லை. மிச்சம் 22 லட்சம். பெற்றோர் இல்லை, மனைவி, ஒரு மகன், ஒரு மகள். மனைவிக்கு எட்டில் ஒன்று, 2 லட்சத்து 75 ஆயிரம். மீதி 19 லட்சத்து 25 ஆயிரத்தில் மகனுக்கு இரண்டு பங்கு, மகளுக்கு ஒரு பங்கு. தாளில் சரியாக வந்தது. ஆனால் விற்காமல் பங்கில்லை. விற்றால் குடியிருக்க வீடில்லை.

அந்தச் சகோதரி சற்று நேரம் பேசாமலிருந்தார். பிறகு, "இந்தப் பதினாலை எப்படிக் குறைக்கலாம்னு முதல்ல சொல்லுங்க காக்கா. பங்கு பொறவு பார்க்கலாம்" என்றார். மகளும் அதற்குச் சம்மதித்தாள். கணவரின் தம்பி இரண்டரை லட்சம் கர்ழ ஹஸனாவாகக் கொடுத்தார். இரண்டு சாட்சிகளோடு எழுதிக்கொண்டோம். தமக்கே சொந்தமான நகைகளில் ஒன்றரை லட்சத்துக்கானதைச் சகோதரி விற்றார். அடகு வைக்கவில்லை, விற்றார். அதுவும் குடும்பம் அவருக்குத் தரவேண்டிய கடன் என்று எழுதிவைத்தோம். நான்கு லட்சத்தையும் வங்கியில் முதலில் கட்டி, தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கச் சொன்னார்கள். பாக்கி 10 லட்சமாயிற்று. 120 மாதங்கள் 75 மாதங்களாயின. தப்பிய வட்டி ஏறக்குறைய 3 லட்சத்து 90 ஆயிரம். நான்கு லட்சம் கொடுத்து, கிட்டத்தட்ட இன்னொரு நான்கு லட்சத்தை வட்டியின் வாயிலிருந்து மீட்டார்கள்.

"இதை அவுங்க இருக்கும்போதே யாராவது சொல்லியிருந்தா..." என்று அவர் சொன்ன வார்த்தை இன்றும் காதில் நிற்கிறது.

இம்மாத வீட்டுப் பாடம்

இஷாவுக்குப் பிறகு குடும்பத்தோடு உட்காருங்கள். கடன் இருந்தால் வங்கிச் சீட்டை எடுத்து ஐந்து வரிகள் எழுதுங்கள்: வாங்கியது எவ்வளவு, இதுவரை கட்டியது எவ்வளவு, இன்று பாக்கி எவ்வளவு, இன்னும் எத்தனை மாதம், இந்த மாதத் தவணையில் வட்டி எவ்வளவு. கடைசி வரிக்கு நம் சூத்திரம் போதும். அந்தத் தாளில் மனைவியும் வயது வந்த பிள்ளைகளும் பார்த்ததாகக் கையெழுத்திடட்டும். பத்திரம் எங்கே இருக்கிறது என்பதையும், பிறருக்குத் தரவேண்டிய கைக்கடன்களையும் அதன் அடியில் எழுதுங்கள். ஒத்தியிருந்தால் அந்த வீட்டின் வாடகை மதிப்பை எழுதுங்கள்.

கடன் சுமையிலிருந்து நபி (ஸல்) அவர்கள் தொழுகையில் அதிகமாகப் பாதுகாவல் தேடுவார்கள். ஏன் இவ்வளவு என்று கேட்கப்பட்டபோது, கடன்பட்டவன் பேசினால் பொய் சொல்ல நேர்கிறது, வாக்களித்தால் மீற நேர்கிறது என்ற கருத்தில் விடையளித்தார்கள். நாமும் அந்த துஆவைக் கேட்போம். கேட்பதோடு கணக்கையும் பார்ப்போம்.

வட்டியின் நிழல் படாத வீட்டில் நம்மையும் நம் மக்களையும் குடியமர்த்த வல்ல நாயன் அருள்புரிவானாக! ஆமீன். வஸ்ஸலாம்.